எத்தனை நிமிடம் ஆடுவாள்?

வாசகர் கேள்வி: நாங்கள் தாண்டிக்குடிப் பக்கம் மூன்று ஏக்கரில் காப்பியும் மிளகும் வைத்திருக்கிறோம். கணவர் காலமாகிவிட்டார். மகளுக்கு 19 வயது. மதுரையில் ஒரு கல்லூரியில் பி.காம். இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். உயரம் ஐந்து அடி பதினொரு அங்குலம். பள்ளிக் காலத்திலிருந்து கூடைப்பந்து ஆடுகிறாள். தமிழ்நாடு ஜூனியர் அணியில் இரண்டு முறை தேசியப் போட்டிக்குப் போய் வந்தாள். போன மாதம் ஒருவர் வாட்ஸ்அப்பில் வந்து, கிழக்கு ஐரோப்பாவில் ஒரு கிளப்பில் மாதம் 700 யூரோ சம்பளத்தில் எட்டு மாதத்துக்கு இடம் வாங்கித் தருவதாகவும், பதிவுக்கும் விசாவுக்கும் 2,75,000 ரூபாய் முன்பணம் கட்ட வேண்டும் என்றும் சொல்கிறார். தோட்டத்தில் ஒரு பகுதியை அடமானம் வைத்தாவது அனுப்பிவிடலாம் என்கிறான் என் தம்பி. ரயில்வே தேர்வுக்குக் காத்திருக்கச் சொல்கிறார் கல்லூரிப் பயிற்சியாளர். அமெரிக்கக் கல்லூரிகளில் உதவித்தொகை கிடைக்கும் என்று அவளுடைய தோழி சொல்கிறாள். இந்த ஆட்டத்தை நம்பி ஒரு பெண் பிழைக்க முடியுமா? எந்த வழியில் அவளை அனுப்புவது?

அன்புள்ள சகோதரி அவர்களுக்கு,

வணக்கம். தோட்டத்துப் பத்திரத்தைப் பெட்டியிலிருந்து எடுக்க வேண்டாம் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். மற்றவற்றை நிதானமாகப் பேசலாம்.

ஆட்டக்காரரிடமே முன்பணம் கேட்பவர், தம் பெயருக்குப் பின்னால் எந்தப் பட்டத்தைப் போட்டுக்கொண்டாலும், முகவருக்குரிய வேலையைச் செய்கிறவர் அல்லர். நாடு விட்டு நாடு சென்று ஆடுபவர்களுக்காகக் கிளப்புகளோடு பேசும் முகவர்களுக்கு, சர்வதேசக் கூடைப்பந்துக் கூட்டமைப்பான ஃபீபா தேர்வு வைத்து உரிமம் கொடுக்கிறது. உரிமம் பெற்றவர்களின் பெயர்ப் பட்டியல் ஃபீபாவின் இணையதளத்தில் யாரும் பார்க்கும்படி இருக்கிறது. அந்த மனிதரின் பெயர் அதில் இருக்கிறதா என்று உங்கள் மகளே ஐந்து நிமிடத்தில் பார்த்துவிடலாம். முகவருக்கான கட்டணம் ஒப்பந்தம் கையெழுத்தான பிறகுதான் வரும். வழக்கமாகச் சம்பளத்தில் பத்து விழுக்காட்டை ஒட்டியே இருக்கும். பல இடங்களில் அதையும் கிளப்பே கொடுத்துவிடும். இப்போது ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். மாதம் 700 யூரோ வீதம் எட்டு மாதத்துக்கு 5,600 யூரோ. ஒரு யூரோவை நூறு ரூபாய் என்றே வைத்துக்கொண்டாலும் பருவம் முழுவதற்குமான சம்பளம் 5,60,000 ரூபாய். அதில் முகவருக்குரியது 56,000 ரூபாய். இவர் கேட்பதோ ஏறக்குறையப் பாதிச் சம்பளம், அதுவும் உங்கள் மகள் ஒரு பந்தைக்கூடத் தொடுவதற்கு முன்பே.

பணத்தைவிட என்னை அதிகம் கவலைப்பட வைப்பது விசா. சம்பளத்துக்கு ஆடப் போகிறவருக்கு அந்நாட்டில் வேலை செய்யும் அனுமதி வேண்டும். அதற்குக் கிளப்பின் பெயரில், கிளப்பின் முத்திரையோடு தாள்கள் வர வேண்டும். இப்போதைக்குச் சுற்றுலா விசாவில் போகட்டும், அங்கே போய் மாற்றிக்கொள்ளலாம் என்று அவர் சொன்னால் அத்தோடு பேச்சை நிறுத்திவிடுங்கள். ஷெங்கன் நாடுகளில் அந்த விசாவில் 180 நாட்களுக்குள் 90 நாட்கள் மட்டுமே தங்கலாம். எட்டு மாதப் பருவம் அதற்குள் அடங்காது. சம்பளம் வராவிட்டால், அனுமதியின்றி வேலை செய்தவள் அங்கே யாரிடமும் முறையிடவும் முடியாது.

இன்னொரு தாளும் இருக்கிறது. போலி முகவர்கள் பெரும்பாலும் அதை மறந்துவிடுகிறார்கள். ஒரு நாட்டில் பதிவு பெற்ற ஆட்டக்காரர் வேறொரு நாட்டின் கிளப்பில் ஆட வேண்டுமானால், புதிய நாட்டின் கூட்டமைப்பு நம்முடைய இந்தியக் கூடைப்பந்துக் கூட்டமைப்பிடமிருந்து விடுவிப்புக் கடிதம் பெற வேண்டும். ‘லெட்டர் ஆஃப் கிளியரன்ஸ்’ என்று ஆட்டக்காரர்கள் சொல்வது இதைத்தான். அது இல்லாமல் எந்தக் கிளப்பும் அவளைப் பதிவு செய்ய இயலாது. எந்த நாட்டுக் கூட்டமைப்பு இந்தக் கடிதத்தைக் கேட்கப் போகிறது, எந்த மாதத்தில் கேட்கும் என்று அவரிடம் எழுத்தில் கேளுங்கள்.

இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் என் சொந்த அனுபவம். நானும் ஒரு பருவம் வெளிநாட்டில் ஆடியவள். ஆட்டத்தில் குறை வைக்கவில்லை. தங்க இடமும் நல்ல சாப்பாடும் கிடைத்தன. ஆனால் கடைசி இரண்டு மாதச் சம்பளம் வரவேயில்லை. ஊர் திரும்பிய பின் ஓராண்டு மின்னஞ்சல் எழுதிக்கொண்டிருந்தேன். இத்தகைய வழக்குகளுக்காகவே 2007-இல் ஃபீபா ஒரு நடுவர் தீர்ப்பாயத்தை ஏற்படுத்தியிருக்கிறது. ஜெனீவாவை இருப்பிடமாகக் கொண்ட அந்தத் தீர்ப்பாயத்தின் முடிவுக்குப் பணியாத கிளப்பைப் புதிய ஆட்டக்காரர்களைப் பதிவு செய்ய விடாமல் ஃபீபாவால் தடுக்க முடியும். ஆனால் எந்தத் தகராறும் அந்தத் தீர்ப்பாயத்துக்கே போகும் என்ற ஒரு வாக்கியம் ஒப்பந்தத்தில் எழுதப்பட்டிருந்தால்தான் அந்தக் கதவு திறக்கும். என் ஒப்பந்தம் நான்கு பக்கம். அந்த வாக்கியம் அதில் இல்லை. இல்லை என்பதைக்கூட ஊர் திரும்பிய பிறகுதான் தெரிந்துகொண்டேன்.

இனி உங்கள் உண்மையான கேள்விக்கு வருகிறேன். உள்ளூரா வெளிநாடா என்று நீங்கள் கேட்டிருக்கிறீர்கள். நான் அந்தக் கேள்வியைச் சற்று மாற்றிக்கொள்ளச் சொல்வேன். அடுத்த மூன்று ஆண்டுகளில் உங்கள் மகள் எந்த இடத்தில் அதிக நிமிடம் களத்தில் நிற்பாள், அதற்கு எழுத்தில் என்ன உறுதி இருக்கிறது என்பதே கேள்வி. ஓர் ஆட்டம் நாற்பது நிமிடம். அதில் முப்பது நிமிடம் ஆடும் பெண், பெயர் தெரியாத கிளப்பில் ஆடினாலும் ஒவ்வொரு மாதமும் வளர்வாள். பெரிய கிளப்பின் சட்டையைப் போட்டுக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருப்பவளுக்கு இருபது வயதிலேயே கை துருப்பிடிக்கத் தொடங்கிவிடும்.

நம் நாட்டிலிருந்து போனவர்களைப் பாருங்கள். பஞ்சாபின் ஒரு சிற்றூரில் பிறந்த சத்னம் சிங், 2015-இல் அமெரிக்காவின் ஆண்கள் தொழில்முறை லீக்கான என்.பி.ஏ.வின் அணிகள் புதிய ஆட்டக்காரர்களை வரிசையாக எடுக்கும் தேர்வில் 52-ஆவது ஆளாக டல்லாஸ் அணியால் எடுக்கப்பட்டபோது, இந்தியாவில் பிறந்து அப்படித் தேர்வானவர்களில் அவரே முதல்வர். நாடே கொண்டாடியது. ஆனால் என்.பி.ஏ.யில் அவர் ஓர் ஆட்டமும் ஆடவில்லை. அதன் கீழ்நிலை லீக்கில் டெக்சாஸ் லெஜண்ட்ஸ் அணியிலும் ஆட்டத்துக்குச் சில நிமிடங்களே கிடைத்தன. பிறகு கனடா லீக்கில் ஆடினார். கடைசியில் தொழில்முறை மல்யுத்தத்துக்குப் போய்விட்டார். இதற்கு நேர்மாறாகக் கேரளத்தின் கீது அன்னா ஜோஸ், 2006-இல் ஆஸ்திரேலியாவின் விக்டோரியா மாநில லீக்கில் ரிங்வுட் ஹாக்ஸ் என்ற கிளப்புக்கு ஆடப் போனார். நம்மூரில் அந்தப் பெயரைக் கேள்விப்பட்டவர்கள் அப்போது மிகச் சிலரே. அங்கே அவர் முழு ஆட்டக்காரராக ஆடினார். திரும்பி வந்து பல ஆண்டுகள் இந்திய அணியைத் தாங்கினார். 2011-இல் அமெரிக்காவின் பெண்கள் லீக்கான டபிள்யூ.என்.பி.ஏ.வின் மூன்று அணிகள் அவரைத் தேர்வு ஆட்டத்துக்கு அழைத்தன. இடம் கிடைக்கவில்லை என்பது உண்மைதான். ஆயினும் அந்த அழைப்பு அவர் ஆடிய நிமிடங்களுக்குக் கிடைத்தது என்றே நான் கருதுகிறேன்.

இந்தக் கணக்கை வைத்துக்கொண்டு மூன்று வழிகளையும் பார்ப்போம்.

அமெரிக்கக் கல்லூரி என்பது நல்ல வழிதான், ஆனால் உங்கள் மகளுக்கு அது ஏற்கெனவே பாதி சாத்தப்பட்டுவிட்டது. அங்குள்ள கல்லூரி விளையாட்டுகளை நடத்தும் என்.சி.ஏ.ஏ. அமைப்பின் முதல் பிரிவில், ஒரு மாணவி ஐந்து ஆண்டுகளுக்குள் நான்கு பருவங்கள் ஆடி முடிக்க வேண்டும் என்பதே இதுவரை இருந்துவரும் விதி. அந்த ஐந்தாண்டுக் கணக்கு அமெரிக்காவில் காலடி வைக்கும் நாளில் தொடங்குவதில்லை. உலகின் எந்த மூலையிலும் ஒரு கல்லூரியில் முழுநேர மாணவியாகச் சேர்ந்த நாளிலேயே தொடங்கிவிடும். மதுரையில் அவள் படித்த இரண்டு ஆண்டுகள் அதில் கழிந்துவிட்டன. இந்தியாவிலிருந்து அங்கே போய் ஆடிய பெங்களூரின் சஞ்சனா ரமேஷ் போன்றவர்கள் கல்லூரிப் படிப்பையே அங்கேதான் தொடங்கினார்கள். விளையாட்டுக்கான உதவித்தொகை முதல் இரண்டு பிரிவுகளில் மட்டுமே உண்டு, மூன்றாம் பிரிவில் இல்லை என்பதையும் தோழியிடம் சொல்லச் சொல்லுங்கள். இவை தவிர, எந்தக் கிளப்பிலாவது சம்பளத்துக்கு ஒப்பந்தம் போட்டு ஆடிவிட்டால் கல்லூரி ஆட்டத்துக்கான தகுதியே கேள்விக்குள்ளாகும். ஆகவே முதலில் ஐரோப்பா, அது சரிப்படாவிட்டால் அமெரிக்கக் கல்லூரி என்று யாரேனும் வரிசை போட்டுக் கொடுத்தால், அந்த வரிசை தலைகீழானது. என்னைக் கேட்டால் இந்த வழியை விட்டுவிடலாம்.

ரயில்வேயைப் பற்றிக் கல்லூரிப் பயிற்சியாளர் சொன்னதை நான் வழிமொழிகிறேன், ஆனால் அவர் சொல்லாமல் விட்டிருக்கக்கூடிய ஒன்றையும் சேர்த்து. இந்திய ரயில்வே பெண்கள் அணி தேசியப் போட்டிகளில் ஆண்டுக்கணக்காகக் கோலோச்சி வருகிறது; நாட்டின் மிகச் சிறந்த பெண்களோடு தினமும் பயிற்சி செய்யும் வாய்ப்பு வேறெங்கும் இவ்வளவு எளிதில் கிடைக்காது. விளையாட்டு ஒதுக்கீட்டில் 18 முதல் 25 வயது வரை விண்ணப்பிக்கலாம். தொடக்க நிலைப் பணிகளில் அடிப்படைச் சம்பளம் 19,900 ரூபாயோ 21,700 ரூபாயோ இருக்கும், படிகள் தனி. 700 யூரோவுக்குப் பக்கத்தில் வைத்தால் இது சிறிதாகத் தெரியலாம். ஆனால் இந்தச் சம்பளம் எட்டு மாதத்தில் நிற்பதில்லை, முழங்கால் வீங்கினாலும் நிற்பதில்லை, ஆட்டம் ஓய்ந்த பிறகும் நிற்பதில்லை.

பயிற்சியாளர் சொல்லாமல் விட்டது இதுதான்: சான்றிதழுக்கும் வயது உண்டு. ரயில்வேயின் அறிவிப்புகளில், நடப்பு நிதியாண்டிலும் அதற்கு முந்தைய இரண்டு நிதியாண்டுகளிலும் பெற்ற தகுதிகளையே வழக்கமாகக் கணக்கில் எடுத்துக்கொள்கிறார்கள். உங்கள் மகள் ஜூனியர் அணியில் ஆடிய சான்றிதழை அலமாரியில் பூட்டி வைத்துவிட்டு இரண்டு ஆண்டு வெளிநாட்டில் இருந்து திரும்பினால், அந்தத் தாளுக்கு நினைவுப் பொருள் என்ற மதிப்புதான் மிஞ்சும். இந்த ஒரு விஷயத்தில் கோட்டை விட்டு, நல்ல ஆட்டம் கையில் இருந்தும் 26 வயதில் தனியார் பள்ளியில் உடற்கல்வி ஆசிரியையாகத் தற்காலிகப் பணியில் சேர்ந்தவர்களை நான் அறிவேன். அதனால் இந்த ஆண்டும் அடுத்த ஆண்டும் மாநில அணியில் இடம் பிடித்துச் சீனியர் தேசியப் போட்டியில் ஆடுவதே அவளுடைய முதல் வேலை. அகில இந்தியப் பல்கலைக்கழகப் போட்டியையும் விடக்கூடாது. தமிழ்நாடு அரசுப் பணிகளிலும் விளையாட்டு வீரர்களுக்கு 3 விழுக்காடு ஒதுக்கீடு இருக்கிறது. அங்கும் கேட்பது இதே தாள்களைத்தான்.

வேலையில் சேர்ந்தால் வெளிநாட்டுக் கனவு முடிந்துவிடும் என்று அவள் அழக்கூடும். அவளிடம் இரண்டு பெயர்களைச் சொல்லுங்கள். கீது அன்னா ஜோஸ் தெற்கு ரயில்வேக்கு ஆடியவர். இந்திய ஆண்கள் அணியின் அம்ஜோத் சிங் ஓ.என்.ஜி.சி. அணிக்கு ஆடியவர், அவர் 2015-இல் அம்ரித்பால் சிங்குடன் ஜப்பானில் டோக்கியோ எக்ஸலன்ஸ் என்ற கிளப்புக்குப் போனார், அந்தப் படியிலிருந்து 2017-இல் அம்ஜோத் அமெரிக்காவின் ஓக்லஹோமா சிட்டி ப்ளூ அணிக்கும், அம்ரித்பால் ஆஸ்திரேலியாவின் சிட்னி கிங்ஸ் அணிக்கும் சென்றார்கள். வெளிநாடு போக மேலதிகாரியின் முன் அனுமதியும் விடுப்பும் வேண்டும். அது எப்போதும் கேட்ட உடனே கிடைப்பதில்லை என்பதை மறைக்க மாட்டேன். ஆனால் சர்வதேசப் போட்டியில் நாட்டுக்கு ஆடியவள் கேட்பதற்கும் புதிதாகச் சேர்ந்தவள் கேட்பதற்கும் வித்தியாசம் இருக்கிறது.

பிழைக்க முடியுமா என்று கேட்டீர்களே, அதற்குச் சென்னையின் அனிதா பால்துரையைவிட நல்ல பதில் என்னிடம் இல்லை. பத்தொன்பது வயதில், அதாவது இப்போது உங்கள் மகளுக்கு இருக்கும் வயதில், இந்திய அணிக்குத் தலைமை ஏற்றவர்; தெற்கு ரயில்வேயில் பணி; 2000 முதல் 2017 வரை நாட்டுக்காக ஆடினார்; குழந்தை பெற்ற பிறகும் திரும்பி வந்து ஆடினார்; 2021-இல் பத்மஸ்ரீ பெற்றார். அவருடைய வாழ்க்கை முழுவதும் பெரும்பாலும் இந்தியச் சட்டையில்தான் கழிந்தது.

உள்நாட்டில் தொழில்முறை லீக் ஒன்றை நம்பி இருக்க முடியுமா என்றால், இன்றைக்கு முடியாது. ஆண்களுக்காக 2015-இல் தொடங்கிய யூ.பி.ஏ. லீக் 2017-உடன் ஓய்ந்தது. 2022-இல் ஐ.என்.பி.எல். என்ற லீக் வந்து, சென்னை ஹீட் என்ற அணியையும் நாம் பார்த்தோம். ஆனால் இவை சில வாரங்களில் முடிந்துபோகும் போட்டிகள். ஆண்டு முழுவதும் அடுப்பெரிய உதவாது. பெண்களுக்கு இந்த அளவும் இல்லை.

வெளிநாட்டில் ஏன் இடம் கிடைப்பது கடினம் என்பதையும் புரிந்துகொள்ளுங்கள். புரிந்தால்தான் அவள் எதைப் பயில வேண்டும் என்பதும் தெளியும். டபிள்யூ.என்.பி.ஏ.வில் 2025-இல் 13 அணிகள், அணிக்கு அதிகபட்சம் 12 பேர். உலகம் முழுவதற்கும் சேர்த்து 156 இடங்கள். அங்கே 2024-இல் குறைந்தபட்சச் சம்பளம் ஆண்டுக்கு 64,000 டாலருக்குச் சற்று மேல். ஆண்களின் லீக்கோடு ஒப்பிட்டால் அது சொற்பம் என்பதால் அமெரிக்கப் பெண்கள் பலர் குளிர்காலத்தில் துருக்கி, இத்தாலி, ஸ்பெயின், போலந்து, ஹங்கேரி என்று ஐரோப்பாவுக்குச் சம்பாதிக்கப் போகிறார்கள். ஐரோப்பிய லீக்குகளோ ஓர் அணியில் இத்தனை வெளிநாட்டவர்தான் என்று வரம்பு வைத்திருக்கின்றன. அந்தச் சில இடங்களுக்கு உங்கள் மகள் போட்டியிடுவது அந்நாட்டுப் பெண்களோடு அல்ல, அமெரிக்காவில் நான்கு ஆண்டு கல்லூரி ஆட்டம் ஆடி முடித்தவர்களோடு. கிளப் தன் வெளிநாட்டு இடத்தை ஒரு பெண்ணுக்குக் கொடுத்தால், அணியிலேயே அதிகப் புள்ளி எடுப்பவளாக அவள் இருக்க வேண்டும் என்று எதிர்பார்க்கும். மூன்று ஆட்டம் சரியாக ஆடாவிட்டால் நான்காவது ஆட்டத்துக்குள் வேறொருத்தி விமானத்தில் வந்து இறங்கிவிடுவாள். அணியில் வைத்துக்கொண்டு பொறுமையாக வளர்ப்பது உள்ளூர்ப் பெண்களுக்கு மட்டும் கிடைக்கும் சலுகை.

இங்கேதான் அவளுடைய உயரத்தைப் பற்றிப் பேச வேண்டியிருக்கிறது. ஐந்து அடி பதினொரு அங்குலம் என்றால் 180 சென்டிமீட்டர். நம் மாநிலத்தில் அந்த உயரத்துக்கு அவளைக் கூடைக்கு அடியில், போஸ்டில் நிறுத்தியிருப்பார்கள். பள்ளியிலிருந்து இன்றுவரை கூடைக்கு முதுகைக் காட்டி நின்று, பந்தை வாங்கி, திரும்பிப் போடுவதே அவளுடைய வேலையாக இருந்திருக்கும். பந்தைத் தட்டிக்கொண்டு மைதானத்தின் மறுமுனைக்குப் போகும் பொறுப்பைக் குட்டையான பெண்களுக்குக் கொடுத்திருப்பார்கள். ஐரோப்பாவிலும் ஆஸ்திரேலியாவிலும் கூடைக்கு அடியில் நிற்பவர்கள் பெரும்பாலும் 190 சென்டிமீட்டரை ஒட்டியே இருப்பார்கள். 180 சென்டிமீட்டர் அங்கே வெளியிலிருந்து ஆடும் கார்டின் உயரம். ஆக, நம்மூரில் கூடைக்கு அடியில் நிற்கும் சென்டராகப் பேரெடுத்த பெண் அங்கே போனால், தான் இதுவரை ஆடாத இடத்தில், அதைப் பத்து வயதிலிருந்து ஆடிவந்தவர்களோடு மோத வேண்டியிருக்கும். திறமையான நம் பெண்கள் பலர் வெளிநாட்டுத் தேர்வுகளில் தோற்பதற்கு உயரக் குறைவைக் காரணமாகச் சொல்வார்கள். பிழை உயரத்தில் இல்லை, உயரத்தைப் பார்த்து நாம் சிறுவயதிலேயே அவர்களை நிறுத்திய இடத்தில் இருக்கிறது என்பது என் கருத்து. இதைச் சொன்னதற்காகச் சில பயிற்சியாளர்கள் என்னோடு பேசுவதை நிறுத்தியிருக்கிறார்கள்.

அவள் இப்போது செய்ய வேண்டியது, கல்லூரி அணிக்குப் போஸ்டில் ஆடிக்கொண்டே தனிப் பயிற்சியில் கார்டாக மாறுவது. தினமும் நாற்பது நிமிடம் இடது கையால் மட்டும் பந்து தட்டட்டும். 6.75 மீட்டர் தொலைவிலிருக்கும் மூன்று புள்ளிக் கோட்டுக்கு வெளியே நின்று நாளுக்கு இருநூறு பந்துகள் போட்டு, எத்தனை விழுந்தன என்று நோட்டில் எழுதட்டும். எழுதாத பயிற்சி இரண்டு வாரத்தில் விளையாட்டாகிவிடும். தன்னைவிட வேகமான சிறிய பெண்ணைப் பக்கவாட்டில் நகர்ந்து தடுக்கப் பழகட்டும். இவற்றைச் செய்ய முழு மைதானம் வேண்டாம். மூவர் கூடைப்பந்து எனப்படும் த்ரீ-எக்ஸ்-த்ரீ ஆட்டத்தை அவள் ஒதுக்கியிருந்தால் சேர்ந்துகொள்ளச் சொல்லுங்கள்: அரை மைதானம், ஒரே கூடை, பத்து நிமிடம் அல்லது 21 புள்ளி, பந்து கைக்கு வந்ததும் 12 வினாடிக்குள் எறிந்தாக வேண்டும். அங்கே உயரமான பெண்ணும் பந்தைத் தட்டித்தான் தீர வேண்டும். டோக்கியோ ஒலிம்பிக்கிலிருந்து அது பதக்க ஆட்டமாகவும் ஆகிவிட்டது. ஃபீபா அதற்குத் தனித்தனி ஆட்டக்காரர்களுக்கே தரவரிசை வைத்திருக்கிறது என்பதால், பெரிய அணியில் இல்லாத பெண்ணின் பெயரும் அதில் ஏறும்.

விடுமுறைக்கு ஊருக்கு வரும்போது பள்ளி மைதானத்தில் ஆடுவாள் என்று நினைக்கிறேன். மஞ்சு இறங்கிய காலையில் சிமெண்ட் தரை வழுக்கும்; காய்ந்த பிறகு ஆடட்டும். இன்னொன்று, மலையில் காற்றடித்த பந்தைக் கீழே வத்தலக்குண்டுக்கோ பெரியகுளத்துக்கோ கொண்டுபோனால் அது தொய்ந்து போயிருக்கும். மேலே காற்றழுத்தம் குறைவு, கீழே அதிகம் என்பதே காரணம். இங்கே பழகிய கை, கீழே முதல் பத்து நிமிடம் பந்து எழும்பவில்லை என்று தடுமாறும். நான் சிறுமியாக இருந்தபோது பெரியகுளத்தில் மே மாதம் நடக்கும் அகில இந்தியப் போட்டியைப் பார்க்க என் தந்தை ஆண்டுதோறும் என்னை மலையிலிருந்து இறக்கிக் கூட்டிப் போவார். விளக்கு வெளிச்சத்தில் வங்கி அணிகளும் படையணிகளும் ஆடுவதைப் பார்த்துத்தான் இந்த ஆட்டத்தில் இடது கை என்று ஒன்று இருப்பதையே தெரிந்துகொண்டேன். ஆண்கள் ஆட்டம்தானே என்று எண்ணாமல் உங்கள் மகளையும் ஒரு முறை அனுப்புங்கள். பந்து கையில் இல்லாத நான்கு பேர் எங்கே ஓடுகிறார்கள் என்பதை மட்டும் பார்க்கச் சொல்லுங்கள்.

உடம்பைப் பற்றி இரண்டு எச்சரிக்கைகள். முழங்காலில் ஏ.சி.எல். என்று சொல்லப்படும் தசைநார், குதித்து இறங்கிச் சட்டென்று திரும்பும் ஆட்டங்களில் ஆண்களைவிடப் பெண்களுக்கு அதிகம் கிழிகிறது. அறுவை சிகிச்சை செய்துகொண்டால் களத்துக்குத் திரும்ப ஒன்பது மாதமோ ஓராண்டோ ஆகும். முழங்கால்கள் உள்நோக்கி மடங்காமல் குதித்து இறங்கப் பழகும் பயிற்சி வாரத்தில் மூன்று நாள், நாளுக்குக் கால் மணி நேரம் போதும்; இயன்முறை மருத்துவர் ஒருவரிடம் ஒரு முறை காட்டிக் கற்றுக்கொள்ளட்டும். அடுத்தது, ஜிம்மில் விற்கும் சத்து மாவு. சத்னம் சிங் 2019 நவம்பரில் பெங்களூர்ப் பயிற்சி முகாமில் நடந்த ஊக்கமருந்துச் சோதனையில் சிக்கி இரண்டு ஆண்டு தடை பெற்றார். சிக்கவைத்தது ஹைஜெனமின் என்ற பொருள். மூலிகைக் கலவைகளிலும் சத்து மாவுகளிலும் அது இருக்கக்கூடும். உங்கள் மகளுக்கு முட்டையும் பாசிப்பயறும் நிலக்கடலையும் மலைவாழையும் போதும்.

இரண்டு மூன்று ஆண்டு கழித்து, இந்தியச் சட்டையோ ரயில்வேச் சட்டையோ போட்ட பிறகு, உண்மையான அழைப்பு ஒன்று வரலாம். ஆஸ்திரேலியாவின் என்.பி.எல்.1 போன்ற அரைத் தொழில்முறை லீக்குகள் நம் பெண்களுக்கு ஏற்ற முதல் படி என்று நான் நினைக்கிறேன். ஆட்டம் தரமானது, மொழிச் சிக்கல் குறைவு. அப்போது ஒப்பந்தத்தில் பார்க்க வேண்டியவற்றை இப்போதே சொல்லிவிடுகிறேன். சம்பளம் வரி போகக் கைக்கு வருவது எவ்வளவு, எந்தத் தேதியில். காயம் பட்டால் சிகிச்சைச் செலவும் மீதிச் சம்பளமும் யாருடையவை. இடையில் நீக்கினால் எவ்வளவு கொடுப்பார்கள். திரும்பி வரும் விமானச் சீட்டு யார் பொறுப்பு. இந்திய அணி அழைத்தால் விடுவார்களா. நான் மேலே சொன்ன தீர்ப்பாய வாக்கியம் இருக்கிறதா. இவற்றில் ஒன்றுக்குப் பதில் இல்லாவிட்டாலும் கையெழுத்துப் போடக்கூடாது. எத்தனை நிமிடம் ஆட விடுவார்கள் என்பதை யாரும் எழுதித் தர மாட்டார்கள். அதைத் தெரிந்துகொள்ள, அந்தக் கிளப்பின் போன பருவத்து ஆட்டப் புள்ளிவிவரங்களைப் பார்த்து, அவளுடைய இடத்தில் ஆடிய வெளிநாட்டுப் பெண் சராசரியாக எத்தனை நிமிடம் களத்தில் நின்றாள், பருவத்தின் நடுவில் எத்தனை பேரை மாற்றினார்கள் என்று எண்ண வேண்டும். அதே போல அவர்களும் அவளைப் பார்க்கக் கேட்பார்கள்; பாட்டுப் போட்டு வெட்டி ஒட்டிய மூன்று நிமிட வீடியோவுக்கு மதிப்பில்லை. முழு ஆட்டம் மூன்று, தொடக்கம் முதல் முடிவு வரை, அவள் தவறவிட்ட பந்துகளும் தெரியும்படி பதிவு செய்து வைத்திருக்கட்டும். கல்லூரித் தோழி ஒருத்தி செல்பேசியை உயரமான இடத்தில் நிறுத்தி வைத்தால் போதும்.

உங்கள் தம்பியின் மேல் கோபம் வேண்டாம். அக்கா மகளுக்காக நிலத்தையே வைக்கத் துணிகிறவர் எல்லோருக்கும் வாய்ப்பதில்லை. அந்த அக்கறையை, அவளுக்கு நல்ல காலணி இரண்டு ஜோடி வாங்கவும், மாநிலத் தேர்வு நடக்கும் ஊர்களுக்கு அவளோடு துணைக்குப் போகவும் செலவிடச் சொல்லுங்கள். அந்த வாட்ஸ்அப் மனிதருக்கு இன்றே மூன்று கேள்விகளை எழுத்தில் அனுப்பச் சொல்லுங்கள்: உரிம எண் என்ன, கிளப்பின் அதிகாரப்பூர்வ மின்னஞ்சலிலிருந்து ஒப்பந்த வரைவு எப்போது வரும், விடுவிப்புக் கடிதத்தை யார் கேட்பார்கள். பணத்தைப் பற்றி ஒரு வார்த்தையும் எழுத வேண்டாம். ஏற்கெனவே பாஸ்போர்ட் நகலோ வேறு தாள்களோ அனுப்பியிருந்தால், என்னென்ன அனுப்பினாள் என்று தேதியோடு குறித்து வையுங்கள்.

காப்பிப் பறிப்பு முடிந்து உங்களுக்குக் கொஞ்சம் ஓய்வு கிடைக்கும்போது, பண்ணைக்காடு வழியாகப் பேருந்து ஏறி ஒரு சனிக்கிழமை அவளைக் கொடைக்கானலுக்குக் கூட்டி வாருங்கள். ஆடும் காலணியோடு வரட்டும். அவள் எழுதிய நோட்டையும் கொண்டு வரட்டும். அதைப் பார்த்துவிட்டு, இடது கையால் மைதானத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் போய் வரச் சொல்லிப் பார்க்கிறேன்.